சம்பளம் ஒரு கடன்: கோடீஸ்வரன் வழக்கும் டிப்ளொக் பிரபுவும்

கோடீஸ்வரன் வழக்கு என்று சொன்னால் அரச சேவையில் இருந்த எங்கள் தலைமுறைத் தமிழருக்கு மேலதிக விளக்கம் தேவையில்லை. கேகாலைக் கச்சேரியில் வேலை பார்த்த தமிழ் எழுதுவினைஞர். சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைக்குத் தோற்ற மறுத்தார். சம்பள ஏற்றத்தை நிறுத்தினார்கள். சட்டமா அதிபருக்கு எதிராக வழக்குப் போட்டு லண்டன் வரை போய் வென்றார். 1981 இல் நான் எழுதுவினைஞனாகச் சேர்ந்த காலத்தில் மூத்தவர்கள் தேநீர் வேளையில் இந்தக் கதையைச் சொல்லுவார்கள். லண்டனில் அந்தத் தீர்ப்பை எழுதியவர் யார் என்று அவர்களும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

அந்தப் பெயரை நான் முதலில் வாசித்தது 2012 இல், என்னுடைய சொந்தப் பிரச்சினை ஒன்றுக்காக. 2009 இல் நாங்கள் வன்னியிலிருந்து வெளியே வந்தபோது எங்கள் அலுவலகம் எரிந்து போயிருந்தது. அதோடு என்னுடைய தனிப்பட்ட கோவையும் போய்விட்டது. செட்டிகுளம் முகாமிலிருந்து விடுபட்டுக் கடமைக்குத் திரும்பிய பின், வினைத்திறன் தடைதாண்டல் பரீட்சையில் நான் சித்தியடைந்ததற்கு ஆதாரம் இல்லை என்று சொல்லி 4 வருடச் சம்பள ஏற்றங்களை நிறுத்தி வைத்தார்கள். எந்த அலுவலகம் என்பது இங்கே தேவையில்லை. அந்த மேசையில் இருந்தவரும் என்னைப் போல இடம்பெயர்ந்து வந்தவர்தான்.

கொழும்பில் ஒரு சட்டத்தரணியைப் பார்க்கப் போனேன். தொழில் நியாயசபைக்குப் போகலாமா என்றுதான் முதலில் கேட்டேன், மைத்துனன் ஒருவன் தனியார் கம்பனியோடு பிணக்குப்பட்டபோது அங்கே போய்த்தான் பணம் பெற்றான். அரசாங்க ஊழியருக்கு அந்த வாசல் இல்லை என்றார் அவர். கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தின் 49 ஆம் பிரிவு, அரசாங்கம் எசமானாக இருக்கும் இடத்தில் அந்தச் சட்டமே செல்லாது என்கிறது. பிறகு அலுமாரியிலிருந்து ஒரு பழைய தீர்ப்பின் போட்டோப் பிரதியை எடுத்து, வாசித்துப் பார்க்கும்படி தந்தார். 1969 டிசம்பர் 11 ஆம் திகதியிட்ட தீர்ப்பு. எழுதியவர் டிப்ளொக் பிரபு.

அந்தப் பெயர் எனக்குப் புதிதல்ல, ஆனால் வேறொரு இடத்தில் கேட்ட பெயர். எண்பதுகளில் வட அயர்லாந்துச் செய்திகளைத் தேடி வாசித்த இளைஞர்கள் எங்கள் ஊரில் இருந்தார்கள். ஜூரர் இல்லாமல், ஒற்றை நீதிபதியின் முன்னால் ஐரிஷ் கைதிகளை விசாரித்த நீதிமன்றங்களுக்கு டிப்ளொக் நீதிமன்றங்கள் என்று பெயர். 1981 இல் உண்ணாவிரதமிருந்து இறந்த பொபி சாண்ட்ஸ் அப்படியொரு நீதிமன்றத்தில் 14 வருடச் சிறைத் தண்டனை பெற்றவர். இது வேறு டிப்ளொக்காக இருக்க வேண்டும் என்று நினைத்தேன். ஒரே ஆள்தான் என்று தெரிந்த பிறகு அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் வாசிக்கத் தொடங்கினேன்.

வில்லியம் ஜோன் கெனத் டிப்ளொக், 1907 டிசம்பர் 8 ஆம் திகதி லண்டனுக்குத் தெற்கே குரொய்டனில் பிறந்தார். தகப்பன் சட்டத்தரணி. பள்ளிக்கூடம் ஊரிலேயே விட்கிவ்ற். அதன் பின் ஒக்ஸ்போர்ட் பல்கலைக்கழகக் கல்லூரி. அங்கே அவர் படித்தது சட்டம் அல்ல, இரசாயனம். அதிலும் முதல் வகுப்பு எடுக்கவில்லை. 1932 இல் வழக்கறிஞராகச் சத்தியப்பிரமாணம் செய்தார், இரண்டாம் உலகப் போரில் ரோயல் விமானப் படையில் இருந்தார், 1948 இல் அரச வழக்கறிஞர் தரம் பெற்றார். 1956 இல் மேல் நீதிமன்ற நீதிபதி, 1961 இல் மேன்முறையீட்டு நீதிமன்றம், 1968 இல் பிரபுக்கள் சபையின் சட்டப் பிரபு. பிள்ளைகள் இல்லை. குதிரை ஓட்டத்தில் பிரியம் உள்ளவர்.

தொழிலில் அவர் கெட்டிக்காரராக இருந்தது வர்த்தகச் சட்டத்தில். கப்பல் வாடகை, காப்புறுதி, ஒப்பந்தம் மீறினால் யார் யாருக்கு எவ்வளவு கொடுக்க வேண்டும் என்பன போன்ற விடயங்கள். இரசாயனம் படித்தவர் என்பதாலோ என்னவோ, சிக்கலான ஒன்றைக் கூறு கூறாகப் பிரித்து ஒவ்வொன்றுக்கும் பெயர் வைப்பது அவருடைய பழக்கம். தீர்ப்புகளை வாசித்தால் அதில் உணர்ச்சி இருக்காது. யாருடைய வேதனை என்பதை அவர் கேட்பதில்லை, இந்த இருவருக்கும் இடையில் சட்டத்தில் என்ன உறவு என்பதைத்தான் கேட்பார். என்னைப் போன்ற ஒருவருக்கு முதல் வாசிப்பில் அது குளிராக இருந்தது. ஆனால் கோடீஸ்வரனுக்கு உதவியது அந்தக் குளிர்தான் என்று பிறகு விளங்கிற்று.

வழக்கைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் எங்கள் மூத்தவர்கள் சொன்ன கதையில் பாதிதான் இருந்தது.

1956 இன் 33 ஆம் இலக்க அரச கரும மொழிச் சட்டம் சிங்களத்தை மட்டும் அரச கரும மொழியாக்கியது. 1961 டிசம்பரில் திறைசேரி ஒரு சுற்றறிக்கை விட்டது. சேவையில் உள்ளவர்கள் குறித்த காலத்துக்குள் சிங்களத் தேர்ச்சிப் பரீட்சையில் சித்தியடைய வேண்டும், இல்லாவிட்டால் சம்பள ஏற்றம் கிடையாது என்பது அதன் சாரம். கோடீஸ்வரன் பரீட்சைக்குத் தோற்றவில்லை. 1962 இல் அவருக்கு வரவேண்டிய ஏற்றத்தை நிறுத்தினார்கள். கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தார். சோல்பரி அரசியலமைப்பின் 29 ஆம் பிரிவு, ஒரு சமூகத்துக்கு மட்டும் பாதகம் தரும் சட்டத்தை இயற்றுவதற்குப் பாராளுமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்றது. ஆகவே மொழிச் சட்டமே செல்லாது என்பது அவருடைய வாதம். 1964 இல் மாவட்ட நீதிபதி ஓ.எல். டி கிரெட்சர் அதை ஏற்றுக்கொண்டார். ஒரு மாவட்ட நீதிமன்றம், நாட்டையே பிளந்து நின்ற சட்டம் செல்லாது என்று தீர்த்தது. அந்த நீதிபதியைப் பற்றியும் யாராவது எழுத வேண்டும்.

அரசாங்கம் உயர் நீதிமன்றத்துக்கு மேன்முறையீடு செய்தது. 1967 இல் பிரதம நீதியரசர் எச்.என்.ஜி. பெர்னாண்டோவும் நீதியரசர் ஜி.பி.ஏ. சில்வாவும் மொழிச் சட்டத்தைத் தொடவே இல்லை. அதற்கு முன்னால் இருந்த ஒரு கேள்வியிலேயே வழக்கை முடித்துவிட்டார்கள். அரசாங்க ஊழியர் ஒருவர் தன் சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்குத் தொடரலாமா? முடியாது என்றார்கள். அரச ஊழியர் முடியின் விருப்பம் உள்ளவரைதான் பதவியில் இருக்கிறார், ஆகவே அவருடைய சம்பளமும் முடியின் விருப்பத்தைப் பொறுத்தது, நீதிமன்றத்தில் கேட்டுப் பெறும் உரிமை அல்ல என்பது அந்த வாதத்தின் ஓட்டம். கோடீஸ்வரனுக்கு மட்டுமல்ல, சிங்கள, தமிழ், முஸ்லிம் என்ற பேதமில்லாமல் அரசாங்கச் சம்பளம் வாங்கிய எல்லோருக்கும் அந்தத் தீர்ப்பு பொருந்தியது. இதை எங்கள் பக்கத்தில் யாரும் பெரிதாகச் சொல்வதில்லை.

லண்டனில் பிரிவிக் கவுன்சில், தமிழில் கோமறைக் கழகம், அப்போது எங்கள் நாட்டின் இறுதி மேன்முறையீட்டு மன்றம். ஐந்து நீதிபதிகள் இருந்தார்கள், தீர்ப்பை எழுதும் பொறுப்பு டிப்ளொக்குக்குக் கிடைத்தது. அவர் சட்டப் பிரபுவாகி ஒரு வருடம்தான் ஆகியிருந்தது.

அந்தத் தீர்ப்பில் அவர் செய்த வேலை ஒரு பழைய கச்சேரிக் கோவையைப் பக்கம் பக்கமாகப் புரட்டுவது போன்றது. ஒல்லாந்தர் விட்டுப்போன உரோமன் டச்சுச் சட்டத்தை ஆங்கிலேயர் வந்த பிறகும் இந்தத் தீவில் வைத்துக்கொண்டார்கள். 19 ஆம் நூற்றாண்டு முழுவதும் முடிக்கு எதிராக ஒப்பந்த வழக்குகள் இங்கே தொடரப்பட்டன. அப்போது சட்டமா அதிபர் என்ற பெயர் இல்லை, இராணியின் வழக்கறிஞர் மீதே வழக்குப் போட்டார்கள். இங்கிலாந்தில் அந்தக் காலத்தில் முடிக்கு எதிராகப் போவதற்கு மனுவொன்றைச் சமர்ப்பித்து முடியின் அனுமதியைப் பெற வேண்டும். இலங்கையில் அந்த அனுமதி வழக்கம் வேரூன்றவில்லை. 1884 இல் சிமான் அப்பு வழக்கில் இங்கே அது நிலைபெற்ற வழக்காறாக ஏற்றுக்கொள்ளப்பட்டது. ஆக, இங்கிலாந்தில் குடிமகனுக்கு இல்லாத ஒரு வசதி, அதன் குடியேற்ற நாடான எங்கள் தீவில் இருந்தவனுக்கு இருந்திருக்கிறது.

அடுத்தது முடியின் விருப்பம் என்ற கோட்பாடு. அரசாங்கம் ஓர் ஊழியரை விரும்பிய நேரத்தில் நீக்கலாம் என்பதை டிப்ளொக் மறுக்கவில்லை. ஆனால் நாளை நீக்கலாம் என்பதிலிருந்து நேற்றுச் செய்த வேலைக்குக் கூலி கொடுக்கத் தேவையில்லை என்ற முடிவு எப்படி வரும் என்று அவர் பார்த்தார். 1926 இல் ஸ்கொட்லாந்து நீதிபதி ஒருவர் சொன்ன கருத்திலிருந்து அந்த முடிவு பரவியிருந்தது. 1943 இல் லண்டனில் இந்திய சிவில் சேவை அதிகாரி ஒருவரின் மனைவி, தாபரிப்புப் பணத்துக்காக அவருடைய சம்பளத்தைப் பிடிக்கக் கேட்டபோதும் அதே கருத்தை வைத்துத்தான் மறுத்தார்கள். டிப்ளொக் அதை ஏற்கவில்லை. செய்து முடித்த வேலைக்குரிய சம்பளம் அரசாங்கம் ஊழியருக்குக் கொடுக்க வேண்டிய கடன், கடனுக்கு வழக்குப் போடலாம் என்று தீர்த்தார். இந்தியாவில் அந்த நாட்டின் உயர் நீதிமன்றம் 1954 இல், பீகார் பொலிஸ் அதிகாரி ஒருவரின் வழக்கில் இதே முடிவுக்கு வந்திருந்தது.

போட்டோப் பிரதியில் இந்தப் பகுதியை நான் வாசித்தது கோட்டைப் புகையிரத நிலையத்தின் வாங்கு ஒன்றில் இருந்து. ஒரு மணித்தியாலத்துக்கு மேல் அதிலேயே இருந்தேன். முகாமிலிருந்து வந்த நாளிலிருந்து, சம்பள ஏற்றத்தைக் கேட்கப் போகும்போதெல்லாம் ஏதோ சலுகை கேட்கிறவன் போலத்தான் நின்றிருக்கிறேன். கடன் கொடுத்தவன் அப்படி நிற்கமாட்டான்.

இனி மறு பாதி. மொழிச் சட்டம் செல்லுமா என்ற கேள்வியைப் பிரிவிக் கவுன்சில் தீர்க்கவில்லை. உயர் நீதிமன்றம் அதைப் பற்றி ஒன்றும் சொல்லாதபடியால், முதலில் அங்கே விசாரிக்கட்டும் என்று வழக்கைத் திருப்பி அனுப்பியது. மூத்தவர்கள் சொன்ன வெற்றி இதுதான். கோடீஸ்வரனுக்கு வழக்குத் தொடரும் உரிமை உண்டு என்பதே தீர்ப்பு. 29 ஆம் பிரிவு எங்களைக் காப்பாற்றுமா என்ற கேள்வி கொழும்புக்குத் திரும்பி வந்தது, அதன் பிறகு விசாரிக்கப்படவே இல்லை. 1971 நவம்பரில் பிரிவிக் கவுன்சிலுக்கான மேன்முறையீடு சட்டத்தால் நிறுத்தப்பட்டது. 1972 மே 22 ஆம் திகதி குடியரசு அரசியலமைப்பு வந்தது. 29 ஆம் பிரிவு போயிற்று, சிங்களம் அரசியலமைப்பிலேயே ஏறியது. இயற்றப்பட்ட சட்டத்தைச் செல்லாது என்று சொல்லும் அதிகாரமும் நீதிமன்றங்களுக்கு இல்லாமல் போயிற்று.

டிப்ளொக் அன்றைக்கே அந்தக் கேள்வியைத் தீர்த்திருக்கலாம் என்று கோபப்படுகிறவர்கள் உண்டு. எனக்கும் முதலில் கோபம் வந்தது. கீழ் மன்றத்தின் கருத்து இல்லாமல் ஒரு நாட்டின் அரசியலமைப்புக் கேள்வியை மேல் மன்றம் தொடுவதில்லை என்பது நல்ல வழக்கம்தான், அவரைக் குறை சொல்ல அதில் இடம் குறைவு. கிட்டத்தட்ட இரண்டரை வருடம் அந்தக் கேள்வி கொழும்பில் கிடந்ததே, அதைத்தான் என்னால் இன்றும் விழுங்க முடியவில்லை.

அதே 1972 இல் டிப்ளொக்குக்கு வேறொரு வேலை வந்தது. வட அயர்லாந்தில் குண்டுவெடிப்பும் துப்பாக்கிச் சூடும் உச்சத்தில் இருந்த வருடம் அது. விசாரணையின்றி ஆட்களை அடைத்து வைத்ததால் உலகமெல்லாம் பிரித்தானியாவுக்குக் கெட்ட பெயர். பயங்கரவாதக் குற்றச்சாட்டுகளை நீதிமன்றத்துக்குக் கொண்டுவர வழி சொல்லும்படி அவருடைய தலைமையில் ஒரு குழுவை நியமித்தார்கள். டிசம்பரில் அறிக்கை வந்தது. சாட்சிகளையும் ஜூரர்களையும் மிரட்டுகிறார்கள், ஆகவே குறித்த குற்றங்களுக்கு ஜூரர் இல்லாமல் ஒற்றை நீதிபதி விசாரிக்க வேண்டும் என்றது. குற்ற ஒப்புதல் வாக்குமூலத்தை ஏற்பதற்கான பழைய கடுமையான விதியைத் தளர்த்த வேண்டும் என்றது. ஆயுதம் அகப்பட்டால், அது தன்னுடையது அல்ல என்று எண்பிக்கும் பொறுப்பைச் சந்தேகநபரின் மேல் போடச் சொன்னது. 1973 இல் இவை அவசரகால ஏற்பாடுகள் சட்டமாயின.

வாக்குமூலத்தின் பெறுமதி கூடினால் அதைப் பெறும் அறையில் என்ன நடக்கும் என்று எங்களுக்கு யாரும் சொல்லித்தரத் தேவையில்லை. பெல்பாஸ்டில் காசில்ரே என்ற பொலிஸ் நிலையத்தின் பெயர் அப்படித்தான் பரவியது. 1979 இல் பெனற் குழுவின் அறிக்கை, தடுப்பிலிருந்த சிலரின் காயங்கள் அவர்களே தமக்கு ஏற்படுத்திக்கொண்டவை அல்ல என்று ஒப்புக்கொண்டது. அதே வருடம்தான் கொழும்பில் 48 ஆம் இலக்கப் பயங்கரவாதத் தடைச் சட்டம் வந்தது. மூன்று வருடத்துக்கு என்று வந்த அந்தத் தற்காலிகச் சட்டம் 1982 இல் நிரந்தரமானது. அதிலும் ஜூரர் இல்லை, ஒற்றை மேல் நீதிமன்ற நீதிபதி. உதவிப் பொலிஸ் அத்தியட்சகருக்கு அல்லது அவருக்கு மேற்பட்டவருக்குக் கொடுத்த வாக்குமூலம் சாட்சியமாகும். ஒரு வித்தியாசத்தைச் சொல்லியாக வேண்டும். பெல்பாஸ்டில் சித்திரவதை நடந்தது என்பதற்கு முகத்தோற்றத்தில் சான்று இருந்தால், நடக்கவில்லை என்று எண்பிக்க வேண்டியது அரசதரப்பு. இங்கே வாக்குமூலம் சுயவிருப்பத்தில் கொடுக்கப்பட்டதல்ல என்று எண்பிக்க வேண்டியவர் கூண்டில் நிற்கிறவர். அங்கே நீதிபதி குற்றத்தீர்ப்புக்குக் காரணம் எழுதித் தர வேண்டும், குற்றவாளியாகக் காணப்பட்டவருக்கு அனுமதி கேட்காமலே மேன்முறையீடு செய்யும் உரிமை இருந்தது. டிப்ளொக்கின் மருந்தே கசப்பு. எங்களுக்குக் கிடைத்தது அதனிலும் கசப்பு.

கோடீஸ்வரனின் கூலியைக் கடன் என்று சொன்ன அதே மனம் இதையும் எப்படி எழுதியது என்று கேட்டுக்கொண்டே இருந்தேன். இரண்டும் அவருக்கு ஒரே வகை வேலையாகத்தான் இருந்திருக்கும். கணக்கு எங்கே முட்டுகிறது, எதை அகற்றினால் ஓடும். கப்பல் வாடகைக்கு அது சரி. ஜூரர் என்பது அகற்றக்கூடிய ஒரு பாகம் என்று அவர் கண்டபோது, பக்கத்து அறையில் இருக்கும் பொலிஸ்காரரை அவர் போதியளவு பார்க்கவில்லை. 1975 இல் ஜமெய்க்காவின் துப்பாக்கி நீதிமன்றச் சட்டத்தின் சில பகுதிகளைச் செல்லாது என்று அவர் தீர்த்தபோது, எங்கள் நாட்டு 1962 சதி வழக்கின் பிரிவிக் கவுன்சில் தீர்ப்பான லியனகே வழக்கை ஆதாரமாக எடுத்தார். 1980 இல் சிங்கப்பூரின் கட்டாய மரண தண்டனை அவருடைய பேனாவால் நிலைத்தது. அதில் தூக்குமேடைக்குப் போனவர்களில் தமிழ்ப் பிள்ளைகளும் இருக்கிறார்கள்.

அரச ஊழியர்களின் பிணக்கு அவரிடம் இன்னும் இரண்டு தடவை வந்தது. முதலாவது 1981 இல், டிரினிடாட் நாட்டுப் பொலிஸ் அதிகாரி ஒருவரின் பதவி நீக்கம். அந்த நாட்டு அரசியலமைப்பில் பொலிஸ் சேவை ஆணைக்குழு ஒன்று உண்டு, அதன் முடிவை எந்த நீதிமன்றமும் விசாரிக்க முடியாது என்ற வாசகமும் உண்டு. டிப்ளொக் இங்கே கோடீஸ்வரன் வழக்கிலிருந்து ஒரு படி மேலே போனார். சுதந்திரமான ஆணைக்குழுவை வைத்திருப்பதே ஆட்சிக்கு வருகிறவர்கள் தமக்குப் பிடிக்காத ஊழியரை வெளியேற்றாமல் தடுக்கத்தான், ஆகவே விரும்பியபடி நீக்கும் பழைய முடியுரிமை அங்கே செல்லாது, நியாயமான காரணம் வேண்டும் என்றார். ஆணைக்குழு தன் அதிகாரத்துக்குள் நின்றால் அந்த வாசகம் அதைக் காக்கும், எல்லை மீறினாலோ அடிப்படை உரிமையை மீறினாலோ காக்காது என்றார். அந்த அதிகாரி தன் வழக்கில் தோற்றார் என்பதையும் சொல்ல வேண்டும்.

மற்றது 1984. செல்ட்டன்ஹாமில் உள்ள பிரித்தானிய அரசின் தொலைத்தொடர்பு ஒற்றுக்கேட்கும் தலைமையகத்தில் சுமார் 7,000 பேர் வேலை செய்தார்கள். அவர்கள் தொழிற்சங்கத்தில் இருக்கக்கூடாது என்று தட்சர் அம்மையாரின் அரசாங்கம் யாரையும் கலந்து பேசாமல் உத்தரவிட்டது. சங்கத்தை விடுகிறவர்களுக்கு ஆளுக்கு 1,000 பவுண் கொடுத்தார்கள். சங்கங்கள் வழக்குப் போட்டன. நவம்பர் 22 ஆம் திகதி பிரபுக்கள் சபையின் தீர்ப்பில், அரசாங்கத்தின் செயலை நீதிமன்றம் எந்தக் காரணங்களால் இரத்துச் செய்யலாம் என்பதை டிப்ளொக் மூன்றாகப் பிரித்தார்: சட்டவிரோதம், பகுத்தறிவுக்குப் பொருந்தாமை, நடைமுறைத் தவறு. இன்று புதுக்கடையில் எழுத்தாணை மனு எழுதும் எந்த இளம் சட்டத்தரணிக்கும் இந்த மூன்றும் மனப்பாடம். முடியின் தனியுரிமை என்று சொல்லி நீதிமன்றத்தைத் தடுக்க முடியாது என்றும், ஊழியர்களைக் கலந்து பேசியிருக்க வேண்டும் என்றும் சபை ஏற்றுக்கொண்டது. அதன் பிறகு தேசிய பாதுகாப்பு என்ற சொல் வந்தது, சங்கங்கள் தோற்றன. சங்கத்தை விட மறுத்து வேலையை இழந்தவர்கள் 14 பேர். 1997 இல் ஆட்சி மாறியபோதுதான் தடை நீங்கியது. அதைப் பார்க்க டிப்ளொக் இல்லை. 1985 அக்டோபர் 14 ஆம் திகதி காலமானார்.

எங்கள் நாட்டில் அந்த வாசல்கள் இன்று எப்படி இருக்கின்றன என்பதை, மனுவெழுதிப் பழகியவன் என்ற முறையில் சொல்லிவிடுகிறேன். 1972 அரசியலமைப்பு, நியமனம், இடமாற்றம், பதவி நீக்கம், ஒழுக்காற்று எல்லாவற்றையும் அமைச்சரவையிடம் கொடுத்து நீதிமன்றங்களை விலக்கியது. 1978 இலும் விலக்கு இருந்தது, ஆனால் அடிப்படை உரிமை மனுவோடு உயர் நீதிமன்றத்துக்குப் போகும் வழி திறந்தது. 2001 இன் 17 ஆவது திருத்தம் சுதந்திரமான அரசாங்க சேவை ஆணைக்குழுவையும், அதன் முடிவுகளுக்கு எதிராக நிருவாக மேன்முறையீட்டு நியாயசபையையும் கொண்டுவந்தது. அதே திருத்தத்தின் 61அ உறுப்புரை, இந்த இரண்டு வழி தவிர ஆணைக்குழுவின் முடிவை வேறெந்த நீதிமன்றமும் விசாரிக்க முடியாது என்கிறது. மாகாண சேவையில் இருப்பவர்களின் ஆணைக்குழு வேறு, வழியும் வேறு, இதைக் குழப்பிக்கொண்டு பிழையான இடத்துக்கு மனுப் போட்டவர்களை நான் கண்டிருக்கிறேன்.

அடிப்படை உரிமை மனுவுக்குக் காலம் ஒரு மாதம். முல்லைத்தீவிலிருந்து கொழும்புக்குப் போய்ச் சட்டத்தரணியைக் கண்டு ஆவணம் சேர்ப்பதற்குள் அது முடிந்துவிடும். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், அங்கே விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. இதைத் தெரியாமல் உரிமையை விட்டவர்கள் எத்தனையோ பேர்.

என்னுடைய ஏற்றங்கள் 2016 இல் வந்தன. நியாயசபை வரை போகத் தேவைப்படவில்லை. பரீட்சைத் திணைக்களத்திலிருந்து பெறுபேற்றை எடுத்து, சம்பளம் ஒரு கடன் என்பதை என்னுடைய வார்த்தைகளில் இரண்டு பந்தியாக எழுதி ஆணைக்குழுவுக்கு அனுப்பினேன். அது போய் வர மூன்று வருடம் எடுத்தது. அடுத்த வருடம் ஓய்வு பெற்றேன். அதன் பிறகு இந்தப் பக்கத்துச் சனம் கோவைகளோடு என்னிடம் வரத் தொடங்கியது.

போன மாதம் ஒரு பெண் வந்தார். கணவர் அலுவலகக் காவலாளியாக இருந்தவர், 2009 இல் காணாமல் ஆக்கப்பட்டார். கடமைக்குச் சமுகமளிக்காதபடியால் பதவியை விட்டு விலகியதாகக் கருதப்படுகிறார் என்று அடுத்த வருடம் வீட்டுக்குக் கடிதம் போயிருக்கிறது. வீடு என்று கடிதத்தில் இருந்த முகவரியில் அப்போது இராணுவம் இருந்தது. அவர் பொலித்தீன் பையில் வைத்திருந்த சம்பளச் சீட்டுகள் 2008 நவம்பரோடு முடிகின்றன. டிசம்பரும் ஜனவரியும் இடம்பெயர்ந்து இயங்கிய அலுவலகத்தில் அவர் வேலை செய்ததற்கு, கூட வேலை பார்த்த ஒருவர் கையெழுத்திட்டுக் கடிதம் கொடுத்திருக்கிறார். போரால் நீதிமன்றம் போக முடியாமல் போனவர்களுக்காக 2016 இல் காலாவதி பற்றிய விசேட சட்டம் ஒன்று வந்தது. அது காணி, வீடு போன்ற அசையா ஆதனங்களுக்கு மட்டும். சம்பளத்துக்கு இல்லை.

பதவி வெறிதாக்கலை இரத்துச் செய்யும்படி ஒரு மனு, இரண்டு மாதச் சம்பளத்துக்கு வேறொரு மனு என்று இரண்டாகப் பிரித்து எழுதினோம். ஒன்றை மறுத்தாலும் மற்றதற்குத் தனியாகப் பதில் எழுத வேண்டிவரும். இரண்டையும் பதிவுத் தபாலில் அனுப்பினோம். அம்மா, பற்றுச்சீட்டைப் பத்திரமாக வைத்திருங்கோ என்று சொல்லி அனுப்பியிருக்கிறேன். முதலாவதுக்குப் பதில் வந்துவிட்டது, தாபனக் கோவையின் விதிகளைக் காட்டி மறுத்திருக்கிறார்கள். இரண்டாவதுக்கு இன்னும் வரவில்லை.